சித்தப்பாவின் இஎஸ்ஐ கார்டும், டாக்டரை மாத்துற உரிமையும்

பொங்கலுக்கு ஊருக்குப் போயிருந்தப்ப வெள்ளையடிக்கிறதுக்காக பரண்ல கெடந்த ட்ரங்குப் பெட்டிய இறக்குனோம். உள்ள வழக்கமான சாமான்கள்தான். கல்யாணப் பத்திரிகை, ரேஷன் கார்டு, வட்டிக்கடை ரசீது, செல்லரிச்ச போட்டோ. நடுவுல ஒரு பழுப்பேறின அட்டை. சித்தப்பாவோட இஎஸ்ஐ கார்டு. இன்சூரன்ஸ் நம்பர், பேரு, மில்லு பேரு எல்லாம் இருந்துச்சு. டிஸ்பென்சரி பேரு இருக்குற எடத்துல மட்டும் பழைய பேர பேனாவால அடிச்சுட்டு, கீழ வேற ஒரு பேரு எழுதி ரப்பர் ஸ்டாம்பு குத்தியிருந்தாங்க.

"இது என்ன சித்தப்பா, அடிச்சு எழுதியிருக்கு?"ன்னு கேட்டேன்.

"அதுவா... அந்த ஒரு கோட்டுக்காக நான் வீடே மாத்துனேன்டா"ன்னு சிரிச்சாரு. சிரிப்பு முடியிறதுக்குள்ள இருமல் வந்துருச்சு.

அந்தக் கோட்டோட கதைதான் இந்தப் பதிவு. கொஞ்சம் நீளம். டீயோ காப்பியோ எடுத்துக்கிட்டு வந்து உக்காருங்க.

எங்க ஊரு கெங்குவார்பட்டி. வத்தலக்குண்டுலருந்து பெரியகுளம் போற ரோட்டுல, கொடைக்கானல் மலையடிவாரத்துல இருக்கு. மஞ்சளாறு அணை பக்கம். கொடைக்கானல் போறவுக எல்லாரும் எங்க ஊருப் பக்கமாத்தான் வந்து காட்ரோட்டுல ஏறிப் போவாங்க, ஆனா யாரும் எறங்க மாட்டாங்க :-) ஊருல இருக்குறவுகளுக்கு மாந்தோப்பு, தென்னந்தோப்பு, வயக்காட்டு வேலை. அதுல வயிறு நெறையாதவுக பஸ் ஏறிக் கோயம்புத்தூர் போனாங்க. பழனி, உடுமலை வழியா அஞ்சாறு மணி நேரம். சித்தப்பாவும் அப்படிப் போனவருதான். ஸ்பின்னிங் மில்லுல கார்டிங் டிபார்ட்மெண்ட். பஞ்சைச் சிக்கெடுத்துச் சீவுற மெஷினு. அங்க நின்னா தலைமுடி, புருவம் எல்லாம் வெள்ளையா ஆகிடும்னு சொல்லுவாரு.

மில்லுல சேந்த உடனே சம்பளத்துல பிடிச்சாங்க, கையில இந்த அட்டையக் குடுத்தாங்க. அதுல எந்த டிஸ்பென்சரி போட்டிருக்கோ அங்கதான் போகணும். அங்க உக்காந்திருக்குற டாக்டர்தான் உங்க டாக்டர். நீங்க தேர்ந்தெடுத்ததில்ல. குடியிருக்குற தெரு தேர்ந்தெடுத்தது.

நிற்க. சித்தப்பாவ அங்கயே நிப்பாட்டிட்டு கொஞ்சம் பின்னாடி போவோம். மாசாமாசம் பணம் கட்டி, அதுக்குப் பதிலா "உன் டாக்டர் இவருதான்"னு ஒருத்தரக் காட்டுற இந்த ஏற்பாடு எங்கருந்து வந்துச்சு?

முதல்ல ஜெர்மனி. 1883ல பிஸ்மார்க் காலத்துல தொழிலாளர்களுக்கு நோய்க் காப்பீட்டுச் சட்டம் வந்துச்சு. தொழிலாளியும் முதலாளியும் பணம் கட்டுவாங்க, நோய்க்கான நிதிச் சங்கம் ஒண்ணு அத நிர்வாகம் பண்ணும். அந்தச் சங்கம் சில டாக்டர்கள வேலைக்கு வச்சுக்கும். உறுப்பினர்கள் அவங்ககிட்டத்தான் போகணும். இத எதிர்த்து பெரிய சண்டை நடந்துச்சு. போட்டது யாருன்னு நினைக்கிறீங்க? நோயாளிங்க இல்ல, டாக்டருங்க! 1900ல லைப்சிக் நகரத்துல ஹெர்மன் ஹார்ட்மன்ங்கிற டாக்டர் ஒரு சங்கம் ஆரம்பிச்சாரு. "டாக்டர நோயாளியே தேர்ந்தெடுக்கட்டும்"ங்கிறது அவங்களோட முக்கியமான கோரிக்கை. வேலைநிறுத்தமெல்லாம் பண்ணி, 1913ல ஒரு ஒப்பந்தத்துக்கு வந்தாங்க. நோயாளி மேல உள்ள பாசத்துல மட்டும் கேட்டாங்கன்னு சொல்ல முடியாது. சங்கம் தனக்கு வேண்டிய நாலு பேர மட்டும் வச்சுக்கிட்டா மத்த டாக்டருங்க பொழப்பு என்னாகுறது? காரணம் எதுவா இருந்தா என்ன, கேட்டது சரியான விஷயம்.

இங்கிலாந்துலயும் இதே கதைதான். 1911க்கு முன்னாடி தொழிலாளர்கள் சேமிப்புச் சங்கம் மாதிரி வச்சிருந்தாங்க. அந்தச் சங்கம் ஒரு "கிளப் டாக்டர" நியமிச்சு, தலைக்கு இவ்வளவுன்னு வருஷத்துக்கு ஒரு தொகை குடுக்கும். அவரப் பிடிச்சாலும் பிடிக்காட்டாலும் அவருதான். 1911ல லாயிட் ஜார்ஜ் தேசியக் காப்பீட்டுச் சட்டம் கொண்டு வந்தாரு. ஆம்பளைத் தொழிலாளி வாரத்துக்கு 4 பென்ஸ், முதலாளி 3 பென்ஸ், அரசாங்கம் 2 பென்ஸ். "நாலு குடுத்தா ஒம்பது"ன்னு அதுக்கு விளம்பரம். இங்கயும் டாக்டர் சங்கம் சட்டத்த எதிர்த்துச்சு. அவங்க வச்ச நிபந்தனைகள்ல ஒண்ணு, நோயாளிக்கு டாக்டரத் தேர்ந்தெடுக்குற உரிமை வேணும்ங்கிறது. கடைசியில ஊருக்கு ஊரு ஒரு பட்டியல் போட்டாங்க. விருப்பப்பட்ட டாக்டர்கள் அதுல பேர் குடுக்கலாம், காப்பீடு உள்ளவங்க அதுலருந்து ஒருத்தரத் தேர்ந்தெடுத்துக்கலாம். அந்தப் பட்டியலுக்குப் பேரு "பேனல்". 1913 ஜனவரியில இந்த வைத்தியம் ஆரம்பமாச்சு. பேனல் டாக்டர்ங்கிற வார்த்தை அங்கருந்து கப்பலேறித்தான் நம்ம ஊருக்கு வந்துச்சு.

எனக்கு ரொம்பப் பிடிச்ச ஒரு சின்ன விஷயம் இதுல இருக்கு. ஒவ்வொரு நோயாளிக்கும் ஒரு உறை போட்டாங்க. அந்த உறைக்குள்ளதான் அவரப் பத்துன குறிப்பெல்லாம். டாக்டர மாத்துனா அந்த உறை புது டாக்டர்கிட்ட போயிரும். லாயிட் ஜார்ஜ் உறைன்னே அதுக்குப் பேரு. 1948 ஜூலை 5ல தேசிய சுகாதார சேவை வந்த பிறகும் அந்த உறை போகல. இந்த நூற்றாண்டுல வந்துதான் அதையெல்லாம் ஸ்கேன் பண்ணி கம்ப்யூட்டர்ல ஏத்துனாங்க. டாக்டர மாத்துறதுன்னா வேற கட்டடத்துக்குப் போறது மட்டுமில்ல, நம்ம ஒடம்போட கதையும் கூடவே வரணும்ங்கிறத அவங்க எப்பவோ யோசிச்சிருக்காங்க.

அதுல ஒரு பெரிய ஓட்டையும் இருந்துச்சு. பேனல் டாக்டர் தொழிலாளிக்கு மட்டும்தான். வீட்டுல இருக்குற பொண்டாட்டி புள்ளைங்களுக்குக் கெடையாது.

இப்போ நம்ம ஊரு. 1943ல, அம்பேத்கர் வைஸ்ராயோட நிர்வாக சபையில தொழிலாளர் துறையப் பாத்துக்கிட்டிருந்த காலத்துல, பேராசிரியர் பி.பி.அதார்க்கர்கிட்ட தொழிலாளர் நலக் காப்பீட்டுக்கு ஒரு திட்டம் போடச் சொன்னாங்க. 1944 ஆகஸ்ட்ல அவரு அறிக்கை குடுத்தாரு. சர்வதேசத் தொழிலாளர் அமைப்புலருந்து ஸ்டாக், ராவ்னு ரெண்டு நிபுணர்கள் வந்து அதப் பாத்து சில மாத்தம் சொன்னாங்க. 1948 ஏப்ரல்ல தொழிலாளர் அரசுக் காப்பீட்டுச் சட்டம், அதாவது இஎஸ்ஐ சட்டம், நிறைவேறுச்சு. 1952 பிப்ரவரி 24 அன்னிக்கு கான்பூர்ல நேரு தொடங்கி வச்சாரு. அதே நாள்ல டெல்லியிலயும் ஆரம்பம். ரெண்டு ஊருலயும் சேத்து சுமார் 1,20,000 தொழிலாளர்கள். நேருவ முதல் கௌரவ உறுப்பினராச் சேத்து படிவத்துல கையெழுத்து வாங்கி, இன்னிக்கும் பத்திரமா வச்சிருக்காங்களாம். அவருக்கு எந்த டிஸ்பென்சரி ஒதுக்குனாங்கன்னு மட்டும் தெரிஞ்சா நல்லா இருக்கும் :-)

தமிழ்நாட்டுல (அப்போ சென்னை ராஜ்யம்) முதல்ல வந்தது 1955 ஜனவரியில, கோயம்புத்தூர்லதான். மில்லுங்க நெறஞ்ச ஊருல ஆரம்பிக்காம வேற எங்க ஆரம்பிப்பாங்க. 1958லருந்து குடும்பத்துக்கும் வைத்தியம்னு விரிவாக்குனாங்க. இங்கிலாந்து பேனல்ல இருந்த ஓட்டைய இங்க அடைக்கப் பாத்தாங்க, அந்த வகையில பாராட்டணும்.

ஆனா டாக்டர எப்படி ஒதுக்குறதுங்கிறதுல ரெண்டு வழி உண்டாச்சு. ஒண்ணு பேனல் முறை. பம்பாய், கல்கத்தா மாதிரி ஊர்கள்ல தனியா கிளினிக் வச்சிருக்குற டாக்டர்களப் பட்டியல்ல சேத்தாங்க. ஒரு டாக்டர் பேர்ல 2000 தொழிலாளர் குடும்பம் வரைக்கும்னு வரம்பு. தலைக்கு இவ்வளவுன்னு அவருக்குப் பணம். தெருமுனை டாக்டரே உங்க இஎஸ்ஐ டாக்டர். இன்னொண்ணு சர்வீஸ் முறை. அரசாங்கமே டிஸ்பென்சரி கட்டி, சம்பளத்துக்கு டாக்டர் போடுறது. தமிழ்நாட்டுல இதுதான். செலவுல எட்டுல ஏழு பங்கு இஎஸ்ஐ கார்ப்பரேஷன், ஒரு பங்கு மாநில அரசு.

ரெண்டுலயும் நல்லது கெட்டது இருக்கு. சர்வீஸ் முறையில டாக்டர், மருந்து, ஊசி எல்லாம் ஒரே கூரைக்குக் கீழ கெடைக்கும். டாக்டருக்குத் தலைக்கு இவ்வளவுன்னு காசு இல்லாததால, ஆளச் சேக்கணும்னு அவருக்குக் கவலை இல்ல. ஆனா நமக்குப் பிடிக்கலைன்னா போறதுக்கு வேற எடமும் இல்ல. பேனல் முறையில வேற டாக்டர்கிட்ட மாறிக்கலாம். ஆனா "இந்த டாக்டர் லீவு சர்டிபிகேட் தர மாட்டேங்குறாரு, நான் அந்த டாக்டர்கிட்ட போறேன்"னு சொல்றவங்களும் உண்டு. ஆள் போயிட்டா வருமானம் போயிரும்னு டாக்டரும் கண்ண மூடிக் கையெழுத்துப் போடுவாரு. இந்தப் புகார் இங்கிலாந்து பேனல் மேலயும் இருந்துச்சு, நம்ம பேனல் மேலயும் இருந்துச்சு.

சர்டிபிகேட்னதும் சாதாரணமா நினைச்சுராதீங்க. இஎஸ்ஐயில மருந்து மட்டுமில்ல, ஒடம்பு சரியில்லாம லீவுல இருக்குற நாளைக்குப் பணமும் உண்டு. இப்போ கூலியில 70 சதவீதம், வருஷத்துக்கு 91 நாள் வரைக்கும். அந்தப் பணத்துக்கு இஎஸ்ஐ டாக்டர் சான்றிதழ் வேணும். வெளி டாக்டர் சான்றிதழ ஏத்துக்க விதியில எடம் இருந்தாலும், அது ஆபீசர் பாத்து முடிவு பண்ற சங்கதி. ஆக, அட்டையில இருக்குற டாக்டர் வெறும் டாக்டர் இல்ல. ஒலை கொதிக்குமா கொதிக்காதான்னு முடிவு பண்றவரும் அவருதான்.

இப்போ சித்தப்பாகிட்ட வருவோம்.

தொண்ணூறுகள்ல அவருக்கு இருமல் ஆரம்பிச்சுச்சு. நெஞ்ச யாரோ கயித்தால கட்டுன மாதிரி இருக்கும்னு சொல்லுவாரு. டிஸ்பென்சரிக்குப் போனாரு. நீளமான க்யூ. டாக்டர் நிமிந்து பாத்து, "பீடியக் கொறைய்யா"ன்னு சொல்லிட்டு இருமல் மருந்து எழுதிக் குடுத்தாரு. சித்தப்பாவுக்குப் பீடி பழக்கமே கெடையாது. அதச் சொல்றதுக்குள்ள அடுத்த ஆளு ஸ்டூல்ல உக்காந்துட்டாரு. அடுத்த மாசமும் அதே மருந்து, அதே பீடி. மூணாவது தடவை, "நான் பீடி குடிக்க மாட்டேங்கய்யா"ன்னு கொஞ்சம் சத்தமாச் சொல்லியிருக்காரு. "எல்லாரும் அப்படித்தான் சொல்றீங்க"ன்னாராம். அந்த டாக்டரத் திட்டுறதுக்காக இத எழுதல. காலையிலருந்து அத்தன பேரப் பாக்குற மனுசன். ஆனா ஒருத்தர் நம்மள நம்பலைன்னு தெரிஞ்ச பிறகு அவருகிட்ட ஒடம்பக் காட்ட முடியுமா?

"அந்த டாக்டர மாத்திக் குடுங்க"ன்னு ஆபீஸ்ல போய்க் கேட்டிருக்காரு. "அதெல்லாம் முடியாது, நீ குடியிருக்குற ஏரியாவுக்கு இந்த டிஸ்பென்சரிதான், வீடு மாறுனா மாத்தித் தருவோம்"னு சொன்னாங்களாம். வேற யாரா இருந்தாலும் பொலம்பிட்டு வந்திருப்பாங்க. எங்க சித்தப்பா மறுவாரமே ரூம காலி பண்ணிட்டு, ஊர்க்காரரு ஒருத்தரு இருந்த வேற ஏரியாவுக்குப் பெட்டியத் தூக்கிட்டுப் போயிட்டாரு. வாடகை கூட. மில்லுக்கு தூரமும் கூட. புது அட்ரஸக் குடுத்து எழுதி வாங்குனதுதான் அட்டையில இருக்குற அந்தக் கோடு.

"கிறுக்குத்தனமா இல்லையா சித்தப்பா?"ன்னேன்.

"பொண்ணு பாக்க நாலு ஊரு அலையுறோம். மாடு பிடிக்க நாலு சந்தை அலையுறோம். உசுரக் குடுக்குற ஆளுக்கு ஒரு தெரு மாறுனா என்னப்பா?"

புது எடத்துல இருந்தது ஒரு லேடி டாக்டர். அந்தம்மா முதல்ல கேட்டது, "என்ன வேலை பாக்குறீங்க?" ரெண்டாவது கேட்டது, "எந்த டிபார்ட்மெண்ட்?" கார்டிங்னு சொன்னதும் பேனாவக் கீழ வச்சுட்டு, "வார லீவு முடிஞ்சு வேலைக்குப் போற முதல் நாள்தான் ஜாஸ்தியா இருக்கா?"ன்னு கேட்டிருக்காங்க. சித்தப்பாவுக்குத் தூக்கிவாரிப் போட்டுருச்சு. அவரு யாருகிட்டயும் சொல்லாத விஷயம் அது. அவரே அத சோம்பேறித்தனம்னு நினைச்சுக்கிட்டிருந்தாரு.

அந்த நோய்க்கு பிஸினோசிஸ்னு பேரு. பஞ்சுத் தூசியால வர்ற நுரையீரல் நோய். லீவு நாள்ல நெஞ்சு லேசாகி, திரும்பத் தூசிக்குள்ள போன முதல் நாள்ல இறுக்கிப் பிடிக்கும். அதனால "திங்கக்கிழமைக் காய்ச்சல்"னு மில்லு தேசங்கள்ல சொல்லுவாங்க. இஎஸ்ஐ சட்டத்தோட தொழில் நோய்ப் பட்டியல்லயே பஞ்சுத் தூசி நோய் உண்டு. அதாவது சட்டத்துக்குத் தெரிஞ்சிருக்கு, அந்தம்மாவுக்குத் தெரிஞ்சிருக்கு. நடுவுல ரெண்டு வருஷம் சித்தப்பாவுக்குத்தான் தெரியல.

இத்தாலியில ராமஸ்ஸினின்னு ஒரு வைத்தியர். 1700ல தொழிலாளர் நோய்களப் பத்தி ஒரு புத்தகம் எழுதுனாரு. நோயாளிகிட்ட வழக்கமாக் கேக்குற கேள்விகளோட "உன் தொழில் என்ன?"ங்கிற கேள்வியையும் சேத்துக்கங்கன்னு அதுல சொல்றாரு. முன்னூறு வருஷப் பழைய கேள்வி. ஒரு ரூம் மாறித்தான் எங்க சித்தப்பாவுக்குக் கெடைச்சுச்சு.

அந்தம்மா நெஞ்சு டாக்டருக்கு எழுதிக் குடுத்து, லீவுக்குச் சர்டிபிகேட் போட்டு, தூசி இல்லாத டிபார்ட்மெண்டுக்கு மாத்தணும்னும் எழுதிக் குடுத்தாங்க. மில்லுல மொணங்கிட்டு கோன் வைண்டிங் பக்கம் மாத்துனாங்க. போன நுரையீரல் திரும்ப வரல. ஆனா இருந்தது நின்னுச்சு. அதுல இன்னொரு வருத்தம், முதல் டிஸ்பென்சரியில இருந்த சீட்டுங்க எதுவும் கூட வரல. "எப்பருந்து இருமல்?"ங்கிறதுக்கு சித்தப்பா வாய்ச் சொல்தான் ஆதாரம். லாயிட் ஜார்ஜ் உறை மாதிரி ஒண்ணு அவரு பின்னாடி வந்திருந்தா எவ்வளவோ நல்லா இருந்திருக்கும்.

இன்னொரு பக்கமும் இருக்கு. சித்தியும் புள்ளைகளும் கெங்குவார்பட்டியில. அட்டை கோயம்புத்தூர்ல. சட்டப்படி குடும்பத்துக்கும் வைத்தியம் உண்டு. ஆனா புள்ளைக்குக் காய்ச்சல்னா அஞ்சாறு மணி நேரம் பஸ்ல போயா காட்ட முடியும்? வத்தலக்குண்டு தனியார் டாக்டர், இல்லாட்டி பெரியகுளம் கவர்மெண்ட் ஆஸ்பத்திரி. இருவது வருஷத்துக்கு மேல சித்தப்பா பணம் கட்டுனாரு, சித்தி ஒரு நாள்கூட இஎஸ்ஐ மாத்திரை முழுங்கல.

2009ல பஞ்சதீப்னு ஒரு கம்ப்யூட்டர் திட்டம் ஆரம்பிச்சு, பெஹ்சான் கார்டுன்னு ரெண்டு கார்டு குடுக்க ஆரம்பிச்சாங்க. ஒண்ணு தொழிலாளிக்கு, இன்னொண்ணு வேற ஊருல இருக்குற குடும்பத்துக்கு. யாரோ ஒரு ஆபீசருக்கு எங்க சித்தி மாதிரி ஒருத்தர் ஞாபகம் வந்திருக்கணும். ஆனா சித்தப்பா அதுக்கு முன்னாடியே விஆர்எஸ் வாங்கிட்டு ஊருக்கு வந்துட்டாரு. இப்போ டிஸ்பென்சரிய ஆன்லைன்லயே மாத்திக்கலாம். பிடித்தமும் 2019 ஜூலைலருந்து தொழிலாளிக்கு 0.75, முதலாளிக்கு 3.25 சதவீதம்னு கொறஞ்சிருச்சு. 2017 ஜனவரிலருந்து 21,000 ரூபாய் வரைக்கும் சம்பளம் வாங்குறவங்க வரலாம். 1948 சட்டமே இப்போ சமூகப் பாதுகாப்புத் தொகுப்புக்குள்ள போயிருச்சு. அது 2025 நவம்பர் 21லருந்து அமலுக்கு வந்துச்சு.

ஆனா யோசிச்சுப் பாருங்க. நம்மள்ல நெறையப் பேருக்கு இன்னிக்கு இருக்குற இன்சூரன்ஸ்ல "உங்க டாக்டர்"னு யாருமே இல்ல. கம்பெனி பாலிசியாகட்டும், 2012ல வந்த முதலமைச்சரின் விரிவான மருத்துவக் காப்பீடாகட்டும், பெரும்பாலும் ஆஸ்பத்திரியில படுத்தாத்தான் பணம். இருமலுக்கு இல்ல, இருமல் முத்துனாத்தான். அமெரிக்காவுல இருக்குற நண்பர்கள் "இன்சூரன்ஸ் கார்டுல இருக்குற டாக்டர மாத்தணும், போன் பண்ணுனா ஒரு மணி நேரம் பாட்டுப் போடுறாங்க"ன்னு பொலம்பும்போது எனக்குச் சின்னப் பொறாமையே வரும். மாத்துறதுக்காவது ஒரு டாக்டர் இருக்காரேன்னு!

சித்தப்பாவுக்கு இப்போ எழுவது தாண்டிருச்சு. ஓய்வு பெத்தவங்க வருஷத்துக்கு 120 ரூபாய் கட்டுனா புருஷன் பொண்டாட்டி ரெண்டு பேருக்கும் இஎஸ்ஐ வைத்தியம் தொடரும்னு ஒரு வசதி இருக்கு. அத அவருக்கு யாரும் சொல்லல, நானும் இத எழுதத் தேடுனப்பதான் தெரிஞ்சுக்கிட்டேன். க.விலக்குல இருக்குற தேனி மெடிக்கல் காலேஜ் ஆஸ்பத்திரியில நெஞ்சுக்குப் பாக்குறாரு. ஒவ்வொரு தடவையும் வேற வேற சின்னப் பசங்க டாக்டரா இருக்காங்களாம். அதனால போகும்போதே சொல்லிடுவாராம், "தம்பி, நான் கார்டிங்ல இருந்தவன். பீடி கெடையாது"ன்னு.

அந்த அட்டைய நான் எடுத்துக்கட்டுமான்னு கேட்டேன். "வேணாம், இருக்கட்டும். ஆஸ்பத்திரிக்குப் போகும்போது கொண்டு போவேன்"னு வாங்கிச் சட்டைப் பையில வச்சுக்கிட்டாரு.

டிஸ்கி: உங்க வீட்டுல மில்லுல வேலை பாத்தவங்க யாராவது இருந்தா, அவங்ககிட்ட எந்த டிபார்ட்மெண்ட்னு கேட்டு வச்சுக்கங்க. டாக்டர் கேக்க மறந்தா நீங்களாவது சொல்லலாம்.